பக்கிரிசாமி என்கிற உதாரணம்

போன மாதம் கல்லூரியிலிருந்து மூன்று பேர் என்னைத் தேடிக்கொண்டு வீட்டுக்கு வந்தார்கள். மூவரும் முனைவர் பட்டம் வாங்கியவர்கள். கையில் ஒரு பெட்டி அல்வா. எனக்குச் சர்க்கரை நோய் என்பது எங்கள் தெருக் கோழிகளுக்குக்கூடத் தெரியும். முனைவர்களுக்கு மட்டும் தகவல் போய்ச் சேரவில்லை.

பேராசிரியர் கனகசபை ஐயாவுக்கு நூற்றாண்டு மலர் போடுகிறார்களாம். ஐயா தத்துவத் துறைத் தலைவராக இருந்தவர். ஞாயிற்றுக்கிழமைப் பத்திரிகையில் இருபது வருடத்துக்கு மேல் வாராவாரம் கட்டுரை எழுதியவர். அவரோடு கூடவே இருந்தவர்களில் உயிரோடு மிச்சம் இருப்பது நான் ஒருவன்தான். தத்துவத் துறை அட்டெண்டர் ஆரோக்கியசாமி, சர்வீஸ் முப்பத்தோரு வருடம். துறை இப்போது இல்லை. சேருவதற்குப் பிள்ளைகள் வரவில்லை என்று மூடிவிட்டார்கள். யோசிக்க வேண்டியதையெல்லாம் உலகம் யோசித்து முடித்துவிட்டது போலிருக்கிறது. அந்த அறையில் இப்போது கம்ப்யூட்டர்கள் இருக்கின்றனவாம், ஏசி போட்டு. எங்கள் காலத்தில் அந்த அறை மின்விசிறி சுற்றுமா சுற்றாதா என்பதே பெரிய தத்துவப் பிரச்சினை.

"ஐயாவோட எளிமையப் பத்தி ரெண்டு பக்கம் எழுதிக் குடுங்கய்யா," என்றார் மூவரில் இளையவர்.

"அவரு எளிமையானவருன்னு யாரு தம்பி சொன்னது?"

"எல்லாருமே சொல்றாங்களேய்யா!"

"அது கெடக்கட்டும். நெடுந்திடல் நிலத் தகராறு ஒண்ணு நடந்துச்சு. அத எழுதுறேன்."

மூவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். "எழுதுங்க, எழுதுங்க. ஆனா பொதுவா எழுதிடுங்க. 'ஒரு விவசாயிக்கு நியாயம் கிடைக்க உதவினார்'னு ஒரு வரி போதும். பேரு ஊரெல்லாம் வேண்டாம்யா." பிறகு இளையவர் குரலைத் தணித்து, "மலர் செலவு பூரா ஐயாவோட அண்ணன் பேரன்தான் ஏத்துக்கிட்டிருக்காரு," என்றார்.

பேரும் ஊரும் வேண்டாமாம். யாரிடம் வந்து சொல்கிறார்கள் பாருங்கள். கனகசபை ஐயாவின் கட்டுரைகளில் பேரும் ஊரும் வந்ததே என்னால்தான். நான் இல்லாவிட்டால் அவரும் மற்ற தத்துவப் பேராசிரியர்களைப் போல யாருக்கும் புரியாமல் எழுதி, யாருக்கும் தெரியாமல் ஓய்வு பெற்றிருப்பார். மலரும் தேவைப்பட்டிருக்காது, அல்வாவும் மிச்சம்.

நான் படித்தது ஐந்தாம் வகுப்பு, பூதலூர்ப் பக்கம் ஒரு மாதா கோயில் பள்ளிக்கூடத்தில். அப்பாவும் அம்மாவும் பண்ணையில் கூலி வேலை. ஒரு நடவுக்கு ஆள் குறைந்தது, படிப்பு நின்றது. வாத்து மேய்த்தேன், புல் அறுத்தேன், ரயிலடியில் மூட்டை தூக்கினேன். பங்குச் சாமியார் யாரிடமோ சொல்லி, தஞ்சாவூர்க் கல்லூரியில் தண்ணீர்ப் பானை நிரப்பும் தற்காலிக வேலை கிடைத்தது. அங்கிருந்து தத்துவத் துறைக்குத் தள்ளிவிட்டார்கள். ஏனென்றால் வேறு யாரும் அங்கே போக ஒப்பவில்லை. தாவரவியலுக்குப் போனால் தோட்டத்துக் கத்தரிக்காயாவது கிடைக்கும், வேதியியலில் காலி பாட்டில் கிடைக்கும். தத்துவத்தில் என்ன கிடைக்கும்? வேலை கற்றுக்கொள்ள எனக்கு ஒரு வாரம் ஆனது. அதில் ஆறு நாள் எந்தச் சாவி எந்தப் பூட்டுக்கு என்பதற்கே போயிற்று. ஏழாவது நாள் ஐயாவைப் புரிந்துகொண்டேன். அதற்குப் பிறகும் அவரைப் புரிந்துகொண்டவர்கள் அதிகம் பேர் இல்லை.

ஐயாவின் குணத்தைச் சொல்ல வேண்டும். அவர் ஆமாம் என்றும் சொல்ல மாட்டார், இல்லை என்றும் சொல்ல மாட்டார். எதைக் கேட்டாலும், கண்ணாடியைக் கழற்றி வேட்டி நுனியால் துடைத்துக்கொண்டே, "அப்படியும் சொல்லலாம்," என்பார். "டீ வாங்கியாரட்டுங்களாய்யா?" என்றால், "வேண்டாம்னு சொல்ல முடியாது ஆரோக்கியம்," என்பார். அதற்கு வாங்கி வா என்று அர்த்தம். "வேணும்னும் சொல்லலாம்," என்றால் வேண்டாம் என்று அர்த்தம். இதைக் கண்டுபிடிக்க அவர் வீட்டம்மாவுக்கே ஒன்பது வருடம் ஆனதாகக் கேள்வி. நான் ஏழாவது நாளே பிடித்துவிட்டேன். முதல்வர் ஒரு தடவை, "உங்க டிபார்ட்மெண்ட்ல தேர்வு ஆரம்பிச்சாச்சா சார்?" என்று கேட்டுவிட்டு, பதில் முடிவதற்குள் தேர்வே முடிந்துவிட்டது என்று ஆசிரியர் ஓய்வறையில் சொல்லிச் சிரிப்பார்கள்.

புதன்கிழமை மூன்று மணிக்கு வகுப்புகள் முடியும். அப்போது கட்டுரை வாசிப்பு. அந்த வாரக் கட்டுரையை எழுதிக் கொண்டுவந்து, என்னை முக்காலியில் உட்காரச் சொல்லி, அவர் நின்றுகொண்டு எனக்கு வாசித்துக் காட்டுவார். "ஆரோக்கியத்துக்குப் புரிஞ்சா அச்சுக்குப் போகும்," என்பது அவர் வைத்த விதி. உதவிப் பேராசிரியர்கள் இரண்டு பேர் இருந்தார்கள், இருவரும் எம்.ஏ. படித்தவர்கள். அவர்களுக்கு வாசித்துக் காட்ட மாட்டார். "அவங்களுக்குப் புரியலேன்னாலும் புரிஞ்சதுன்னு சொல்லுவாங்க," என்பார். எனக்கு அந்தப் படிப்பு இல்லை. வாக்கியம் நீண்டுகொண்டே போனால் நான் இருமுவேன். அவர் அந்த இடத்தில் நிறுத்தி, முற்றுப்புள்ளி வைத்துவிட்டு மேலே போவார். இது இருபது வருடம் தவறாமல் நடந்தது. பத்திரிகையில் "தெளிந்த நீரோடை போன்ற நடை" என்று வாசகர்கள் பாராட்டி எழுதுவார்கள். நீரோடைக்கு மடை வைத்தது யார் என்று ஒருத்தரும் கேட்டதில்லை.

இரண்டாவது விதி நான் வைத்தது. முதல் புதன்கிழமையே வைத்துவிட்டேன். ஐயா வாசித்தார்: "ஒரு மனிதன் ஆற்றங்கரையில் நிற்கிறான் என்று வைத்துக்கொள்வோம்..."

"யாருங்கய்யா அது?"

"யாருமில்ல. உதாரணம்."

"யாருமே இல்லாதவன் எப்புடிங்க நிப்பான்? எந்த ஆறு? காவேரியா, புதாறா?"

"எந்த ஆறா இருந்தா என்னப்பா?"

"அது எப்புடிங்க? காவேரின்னா ஆளு குளிக்க வந்திருப்பான். புதாறுன்னா மடையப் பாக்க வந்திருப்பான். குளிக்க வந்தவன் யோசிக்கிறது வேற, தண்ணி வருதான்னு பாக்க வந்தவன் யோசிக்கிறது வேறங்க."

ஐயா கண்ணாடியைத் துடைத்தார். ரொம்ப நேரம் துடைத்தார். பிறகு காகிதத்தின் ஓரத்தில் என்னவோ கிறுக்கினார். அந்த ஞாயிற்றுக்கிழமை அச்சில் வந்தபோது, அந்த மனிதனுக்குச் சோமசுந்தரம் என்று பெயர் இருந்தது, கையில் மண்வெட்டி இருந்தது. அன்றிலிருந்து ஐயாவின் கட்டுரையில் பெயரும் ஊரும் இல்லாத ஆளே கிடையாது. மாயை என்றால் கும்பகோணத்துப் பாத்திரக் கடைக்காரர் வருவார். மரணம் என்றால் தரங்கம்பாடி மீனவர் ஒருவர் வருவார். தத்துவம் தஞ்சாவூர் ஜில்லாவுக்குள் வந்து சேர்ந்தது என்னால்தான் என்று நானே சொன்னால் தற்பெருமை. வேறு யாரும் சொல்லவில்லை என்பதால் நானே சொல்ல வேண்டியிருக்கிறது.

அச்சுக்குப் போய் வந்த கையெழுத்துப் பிரதிகளை வாழைநாரால் கட்டி, இரும்பு அலமாரியில் மாதவாரியாக அடுக்கி வைப்பேன். ஐயாவின் கையெழுத்தை என்னால் படிக்க முடியாது. அச்சகத்தில் ஒரே ஒரு கம்பாசிட்டரால்தான் முடியும். அவர் லீவு போட்டால் அந்த வாரம் கட்டுரை வராது. ஆனால் எந்தக் கட்டு எந்தக் கட்டுரை என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்வேன். அலமாரிச் சாவி என் இடுப்பில்.

இனி நெடுந்திடல் விஷயத்துக்கு வருகிறேன்.

நெடுந்திடல் பூதலூருக்குத் தெற்கே, புதாற்றுக் கால்வாய்ப் பாசனம். ஐயாவின் சொந்த ஊர். அங்கே அவர்கள் குடும்பம் மிராசு. சாகுபடி விவகாரம் எல்லாம் அண்ணன் சிதம்பரம் பார்த்துக்கொண்டார். அப்பா சின்ன வயதிலேயே போய்விட, ஐயாவைச் சென்னைக்கு அனுப்பிப் படிக்க வைத்ததும் அந்த அண்ணன்தான். அண்ணன் எதிரில் ஐயா நாற்காலியில் உட்கார்ந்து நான் பார்த்ததில்லை.

ஒரு புதன்கிழமை ஐயா "என்னுடையது" என்று ஒரு கட்டுரை வாசித்தார். ஒரு பொருளை நம்முடையது என்று சொல்கிறோமே, அதற்கு என்ன அர்த்தம் என்பது விஷயம். "ஒரு உழவன் ஒரு நிலத்தை நெடுங்காலமாக உழுகிறான் என்று வைத்துக்கொள்வோம்," என்று வந்தது. இருமினேன்.

"யாருங்கய்யா உழவன்?"

ஐயா ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். டீ ஆறிப் போகிற நேரம் ஆனது.

"பக்கிரிசாமி," என்றார்.

"எந்த ஊருங்க?"

"நெடுந்திடல்."

"யாரு நிலம்?"

மறுபடியும் கண்ணாடி துடைப்பு. "எங்க நிலந்தான். ஆறு மா."

ஆறு மா என்றால் இரண்டு ஏக்கர், கம்ப்யூட்டர் அறைப் பிள்ளைகளுக்காகச் சொல்கிறேன். அச்சில் இப்படி வந்தது: "நெடுந்திடல் பக்கிரிசாமி எங்கள் குடும்பத்தின் ஆறு மாவை இருபது வருடங்களாக உழுது குத்தகை அளக்கிறார். நிலம் என்னுடையது என்று நான் சொல்கிறேன். எந்த மழைக்கு எந்த வரப்பு உடையும் என்று எனக்குத் தெரியாது. அவருக்குத் தெரியும்." வாசகர் கடிதங்கள் நிறைய வந்தன. எல்லாம் ஆத்மாவைப் பற்றி. பக்கிரிசாமியைப் பற்றி ஒரு கடிதமும் இல்லை.

நாலு வருடம் போயிற்று. இதற்குள் ஆட்சி மாறியது. சிதம்பரம் அண்ணனும் மாறினார். சரிகை வேட்டி கரை வேட்டியானது, நெற்றி காலியானது, "டேய்" என்று கூப்பிட்டவர்களையெல்லாம் "தம்பி" என்று கூப்பிட ஆரம்பித்தார். உழுகிறவனுக்கு நிலம் சொந்தமாக வேண்டும் என்று மேடையில் ஒரு மணி நேரம் பேசுவார். கேட்டால் கண்ணில் தண்ணீர் வரும். கீழே இறங்கி வந்து, நிலத்தை மருமகன் பேருக்கும், பிறக்காத பேரன் பேருக்கும் எப்படி எழுதலாம் என்று வக்கீலிடம் யோசனை கேட்பார். அந்த நேரம் பார்த்து, குத்தகைக்கு உழுகிறவன் பெயரை சர்க்கார் பதிவேட்டில் ஏற்ற வேண்டும் என்று சட்டம் வந்தது. பெயர் ஏறிவிட்டால் லேசில் கிளப்ப முடியாது. பக்கிரிசாமி மனுப் போட்டார். சிதம்பரம் அண்ணன், "அந்த ஆறு மா என் சொந்தச் சாகுபடி. பக்கிரிசாமி தினக்கூலி ஆள்," என்று ஆட்சேபம் கொடுத்தார். கிராமக் கணக்குப்பிள்ளையும் சாகுபடிப் பதிவேட்டில் அப்படியே எழுதி வைத்திருந்தார். கணக்குப்பிள்ளைகள் மிராசுதார் முகம் பார்த்து எழுதிய காலம் அது.

பக்கிரிசாமி கல்லூரிக்கு வந்தார். நெட்டையான ஆள், தோளில் ஈரத் துண்டு. ஐயா அறைக்குள் போய்க் கைகட்டி நின்றார்.

"சின்னய்யா, நாந்தான் உழுதேன்னு ஒரு வார்த்த தாசில்தாருகிட்ட சொன்னீங்கன்னா போதும்."

"சொல்லலாந்தான் பக்கிரி."

"அப்ப சொல்லுவீங்களா?"

"சொல்லக் கூடாதுன்னும் ஒரு நியாயம் இருக்கு. அண்ணன் மனசு... இத ரெண்டு பக்கமும் யோசிக்கணும்."

"யோசிங்க சின்னய்யா. ஆடி பொறந்தா நான் ஏர் பூட்டணும். அதுக்குள்ள யோசிச்சிருங்க."

வெளியே வந்து வராந்தாவில் உட்கார்ந்தார். டீ வாங்கிக் கொடுத்தேன். என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"இங்க என்ன தம்பி வேல நடக்குது?"

"தத்துவம்ங்க. யோசிக்கிறது."

"எதப் பத்தி?"

"எல்லாத்தப் பத்தியும்."

"அப்ப எம் மனுவப் பத்தி மட்டும் ஏன் தவண கேக்குறாரு?" டீயை உறிஞ்சினார். "உழுததுக்குச் சீட்டு இருக்கான்னு கேக்குறாங்க. அளந்து போட்டப்ப யாரு தம்பி சீட்டுக் குடுத்தா? நெல்லத் தூத்தி அளந்தேன், அவுங்க வண்டில ஏத்துனாங்க. மாடு வேணா சாட்சி சொல்லும்."

எனக்குச் சுரீரென்றது. உள்ளே போய் அலமாரியைத் திறந்து, "என்னுடையது" அச்சில் வந்த பத்திரிகைப் பக்கத்தை எடுத்துக் கொடுத்தேன். யாரையும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் அப்படியும் சொல்லலாம் என்று பதில் வந்திருக்கும், ஆடியும் பிறந்திருக்கும்.

பக்கிரிசாமி அதை மனுவோடு சேர்த்துக் கொடுத்தார். ஒரு வாரத்தில் சிதம்பரம் அண்ணனின் கார் கல்லூரி வாசலில் வந்து நின்றது. அவர் எங்கள் நிர்வாகக் கமிட்டியில் அங்கத்தினர். ஐயா வகுப்பில் இருந்தார். அண்ணன் தேடி வந்தது ஐயாவை அல்ல.

"வா தம்பி ஆரோக்கியம். நீ எத்தன வருஷமா தற்காலிகம்?"

"பதினோரு வருஷங்க."

"அக்கிரமம். உழைக்கிறவனுக்கு மரியாத இல்லாம போச்சு." உண்மையாகவே வருத்தப்பட்டார். "வர்ற கமிட்டில உன் பேர நானே எடுத்து வைக்கிறேன், நிரந்தரம் பண்ணிடுவோம். அந்தக் கட்டுரையோட கையெழுத்துப் பிரதி உங்கிட்ட இருக்காமே? மொதல்ல 'ஒரு உழவன்'னுதான் எழுதினானாம், நீ இருமினியாம், அப்புறந்தான் பேரு வச்சானாம். கனகு வீட்டுக்கு வந்தப்ப சொல்லிச் சிரிச்சான். அந்தக் காயிதம் எனக்கு வேணும்."

அச்சில் பெயர் இருக்கிறது. ஆனால் பிரதியில் "ஒரு உழவன்" என்பது அடிக்கப்பட்டு, அட்டெண்டர் கேட்டதற்காகப் பக்கிரிசாமி என்று மேலே ஏற்றியிருக்கும். வெறும் உதாரணத்துக்கு வைத்த பெயர் என்று வக்கீல் சுலபமாக நிரூபித்துவிடுவான். நானே ஒரு சாட்சியத்தை உண்டாக்கி, நானே அதை உடைக்கப் போகிறேன் என்று நினைத்தேன். அந்த ஆள் பிழைப்பு போய்விடும். கொடுக்காவிட்டால் என் பிழைப்பு இப்படியே கிடக்கும்.

"சாவி ஐயாகிட்ட இருக்குதுங்க," என்றேன். சாவி இடுப்பில் குத்திக்கொண்டிருந்தது.

அண்ணன் ஐயாவிடம் கேட்டார். "ஆரோக்கியத்துகிட்ட இருக்கலாம்ண்ணே," என்றார் ஐயா, நின்றுகொண்டே. மறுநாள் அண்ணன் என்னிடம் வந்தார். "ஐயா எங்கியோ வச்சிட்டாராங்க," என்றேன். மூன்று நாள் அந்தச் சாவி எங்கள் இருவருக்கும் நடுவே இப்படி நடந்தது. கமிட்டி கூடியது. பட்டியலில் என் பெயர் இல்லை. என்னோடு சேர்ந்த தோட்டக்காரன் நிரந்தரமானான், லட்டுக் கொடுத்தான். தின்றேன்.

விசாரணை தாலுகா ஆபீஸில் ஆரம்பித்தது. அண்ணனின் வக்கீல் தாசில்தாரிடமே மனுப் போட்டார். கையெழுத்துப் பிரதியைக் கொண்டுவர உத்தரவிட வேண்டும், அதைப் பார்த்தால் எல்லாம் கற்பனை என்று தெரிந்துவிடும் என்று. உத்தரவு வந்தது. ஐயாவும் ஆஜராக வேண்டும்.

அன்றைக்குக் காலையில் அந்தக் காகிதக் கட்டை எடுத்துக்கொண்டு, தாலுகா ஆபீஸ் எதிரே டீக்கடையில் உட்கார்ந்திருந்தேன். அடுப்பு எரிந்துகொண்டிருந்தது. ஐயா வந்ததும் மெதுவாகக் கேட்டேன்.

"ஐயா, இது தொலஞ்சு போச்சுன்னா என்னங்க?"

"தொலைக்கிறதும் தப்பு. தொலைக்காம இருக்கிறதும் ஒருத்தருக்குத் தப்பாத்தான் முடியும்," என்றார்.

சரியான நேரத்தில் சரியான ஆளிடம் யோசனை கேட்டேன் என்று நொந்துகொண்டேன். ஆனாலும் அடுப்பில் போடவில்லை. நேர்மை என்று நினைக்க வேண்டாம். கர்வம். என் பொறுப்பில் இருந்த காகிதம் ஒன்றுகூட அதுவரை காணாமல் போனதில்லை.

உள்ளே சிதம்பரம் அண்ணன் முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார். பக்கிரிசாமி சுவரோரம் நின்றார். தாசில்தார் பிரதியை வாங்கிப் பார்த்தார், திருப்பிப் பார்த்தார், தலைகீழாகப் பிடித்தும் பார்த்தார். குமாஸ்தாவிடம் கொடுத்தார். குமாஸ்தா வெளிச்சத்துக்கு நேராகப் பிடித்துப் பார்த்துவிட்டு, "தமிழ்தாங்க," என்றார். அதற்கு மேல் அவராலும் முடியவில்லை. கடைசியில் ஐயாவையே வாசிக்கச் சொன்னார்கள்.

ஐயா புதன்கிழமை மாதிரியே நின்றுகொண்டு வாசித்தார். "ஒரு உழவன் ஒரு நிலத்தை நெடுங்காலமாக..."

"பாத்தீங்களா? ஒரு உழவன்!" என்று துள்ளினார் வக்கீல்.

"அது அடிச்சிருக்கு," என்றார் ஐயா. "ஓரத்துல இருக்கிறதையும் வாசிக்கணுமா?"

"எல்லாத்தையும் வாசிங்க. நாங்க கேட்டதே அதுக்குத்தானே!"

"ஆரோக்கியம் கேட்டது: யார்? பதில்: பக்கிரிசாமி. ஆரோக்கியம் கேட்டது: எந்த ஊர்? பதில்: நெடுந்திடல். ஆரோக்கியம் கேட்டது: யார் நிலம்? பதில்: எங்கள் நிலம். ஆறு மா. வடக்கே வாய்க்கால், கிழக்கே கோயில் நிலம். நான் கல்லூரியில் சேர்ந்த வருடத்திலிருந்து குத்தகை."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. ஓரத்தில் கிறுக்குவாரே, அது என் கேள்விகளாம்! இத்தனை வருடம் என் வாயிலிருந்து வந்ததையெல்லாம் அந்த மனிதர் எழுதி வைத்திருக்கிறார், நான் நாரால் கட்டி அடுக்கியிருக்கிறேன். சட்டம் வருவதற்கு நாலு வருடம் முன்னால், எல்லை உட்பட, குடும்பத்து ஆளே கைப்பட எழுதிய சீட்டு. அதை நான் வேலையைப் பணயம் வைத்து மூன்று நாள் ஒளித்தேன். அண்ணன் வக்கீலுக்குச் செலவு செய்து வெளியே கொண்டுவந்தார். எங்கள் இரண்டு பேரில் யார் பெரிய புத்திசாலி என்று இன்றுவரை என்னால் முடிவு செய்ய முடியவில்லை.

வக்கீல் லேசுப்பட்ட ஆள் இல்லை. "அந்தக் கேள்வியும் கற்பனை, பதிலும் கற்பனைங்க. தத்துவத்துல இதெல்லாம் வழக்கம். முக்கோணத்தப் பத்தி எழுதினா முக்கோணத்துக்குப் பட்டா குடுப்பீங்களா?" என்றார். குமாஸ்தாவே சிரித்துவிட்டார்.

தாசில்தார் ஐயா பக்கம் திரும்பினார். "சார், இதுல எழுதியிருக்கிற பக்கிரிசாமி, அதோ நிக்கிறாரே, அவருதானா? உழுதது அவருதானா? ஆமா, இல்லைன்னு சொல்லுங்க."

ஆமா, இல்லை. கேட்டாரே ஒரு கேள்வி!

ஐயா கண்ணாடியைக் கழற்றினார். அண்ணன் அவரையே பார்த்துக்கொண்டிருந்தார். கோபமாகப் பார்க்கவில்லை. சென்னைக்கு ரயில் ஏற்றிவிடும்போது பார்த்திருப்பாரே, அப்படிப் பார்த்தார். அதுதான் மோசம்.

"ஒரு எழுத்தில் இருக்கிற மனிதனும், எதிரே நிற்கிற மனிதனும் ஒருவரேதானா என்பது, நாம் 'ஒருவர்' என்பதை எந்தப் பொருளில் எடுத்துக்கொள்கிறோம் என்பதையும், காலப்போக்கில் ஒரு மனிதன் அதே மனிதனாகவே நீடிக்கிறானா என்கிற..."

குமாஸ்தா எழுதுவதை நிறுத்தினார். பக்கிரிசாமி துண்டை எடுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டார். போச்சு ஆறு மா என்று நினைத்தேன்.

இருமினேன்.

தாலுகா ஆபீஸ் கூரை அதிர இருமினேன். டவாலி சேவகன் என்னை முறைத்தான். ஐயா நின்றுவிட்டார். பத்து வருடப் பழக்கம்! இருமல் கேட்டால் அவர் வாய் தானாக முற்றுப்புள்ளி வைத்துவிடும். என்னைத் திரும்பிப் பார்த்தார். கண்ணாடியைப் போட்டுக்கொண்டார். பக்கிரிசாமியைப் பார்த்தார். அண்ணனைப் பார்க்கவில்லை.

"ஆமாம்," என்றார்.

"எது ஆமாம் சார்?"

"உழுதது அவர்தான். இவர்தான் அவர்."

இரண்டு வாக்கியம். எழுவாய், பயனிலை, முற்றுப்புள்ளி. நான் கேட்டதிலேயே அவர் பேசிய மிகத் தெளிவான கட்டுரை அதுதான்.

வெளியே வந்தோம். சிதம்பரம் அண்ணன் எங்களைத் தாண்டிப் போய்க் காரில் ஏறினார். கார் கதவு சாத்துகிற சத்தத்துக்கு ஐயாவின் தோள் ஒரு தடவை குலுங்கியது. அதற்குப் பிறகு நெடுந்திடல் வீட்டு வாசற்படியை அவர் மிதிக்கவில்லை. அண்ணன் இறந்தபோது தகவல் சொல்லக்கூட ஆள் வரவில்லை. பத்திரிகையில் பார்த்துத் தெரிந்துகொண்டார். அன்று நான் அறைக் கதவைச் சாத்திவிட்டு வெளியே முக்காலியில் உட்கார்ந்துகொண்டேன், யாரையும் உள்ளே விடவில்லை. எளிமை என்று மலரில் போட ஆசைப்படுகிறார்கள். போடட்டும்.

தாலுகா ஆபீஸ் வாசலில் நான் கேட்டேன், "டீ சாப்புடுறீங்களாய்யா?"

ரொம்ப நேரம் யோசித்தார். "வேண்டாம்னு சொல்ல முடியாது ஆரோக்கியம்," என்றார்.

ஆக, என் சர்வீஸில் அவர் வாயிலிருந்து நான் கேட்ட ஆமாம் மொத்தம் ஒன்று. அதற்கே ஒரு அண்ணன் செலவாகிவிட்டார்.

உத்தரவு பக்கிரிசாமிக்குச் சாதகமாக வந்தது. என்னை நிரந்தரம் பண்ண இன்னும் நாலு வருடம் ஆனது. அதுவும் வேறு கமிட்டி வந்த பிறகு. அறுவடை முடிந்து ஒரு நாள் பக்கிரிசாமி துறைக்கு வந்தார். ஐயா வகுப்பில் இருந்தார். நன்றி கின்றி என்று ஒன்றும் சொல்லவில்லை.

"தம்பி, அந்தக் காயிதத்துல எம் பேரு எங்க இருக்கு? காட்டு."

கையெழுத்து எனக்கே தெரியாது. ஆனால் அன்று தாலுகா ஆபீஸில் ஐயா விரல் வைத்த இடம் தெரியும். கட்டைப் பிரித்துக் காட்டினேன். அந்த ஓரத்து எறும்பு வரிசையில் அவர் கட்டைவிரலை வைத்தார். விரல் முழுப் பெயரையும் மூடிவிட்டது. எடுத்துவிட்டு மறுபடி பார்த்தார்.

"ஆறு மா நெலத்துக்கு இத்தினூண்டுதான் எழுதுவாரா சின்னய்யா?" என்று கேட்டுவிட்டுப் போனார்.

மலர்க் குழு முனைவர்களுக்கு: இது இரண்டு பக்கத்துக்கு மேல் போய்விட்டது என்று தெரியும். எழுத்துப்பிழை மட்டும் என் மகள் திருத்தினாள். வேறு எதிலும் கை வைக்க விடவில்லை. இடம் போதவில்லை என்றால் வாத்து மேய்த்ததை எடுத்துவிடுங்கள், மடை வைத்த பெருமையைக்கூட வெட்டிக்கொள்ளுங்கள், பொறுத்துக்கொள்கிறேன். "ஒரு விவசாயி" என்று மட்டும் போட்டீர்களானால், வெளியீட்டு விழாவுக்கு நானே வந்து முன்வரிசையில் உட்கார்ந்து இருமுவேன்.

யார்? பக்கிரிசாமி. எந்த ஊர்? நெடுந்திடல். எவ்வளவு நிலம்? ஆறு மா, வடக்கே வாய்க்கால், கிழக்கே கோயில் நிலம். இந்த ஒரு வரியைப் பெரிய எழுத்தில் போடவும்.